அபே துபுவா: ஒரு மறுமதிப்பீடு

இந்துக்களின் ஒழுக்க வழக்கங்களைப் பற்றி அபே துபுவா எழுதிய நூல், மேலைநாட்டார்க்கு நெடுங்காலம் நம் நாட்டைக் குறித்த தக்க சான்றாக விளங்கியது. பிரெஞ்சுப் புரட்சிக் காலத்தில், 1792இல் இந்தியா வந்த இக்கத்தோலிக்கக் குரு, மைசூர்ச் சீமையில் இந்நாட்டு உடையும் உணவும் மேற்கொண்டு வாழ்ந்தவர். அம்மைப்பால் குத்துதலைப் பரப்பியவர். அவருடைய கையெழுத்துப் படியைக் கம்பெனியார் 2000 வராகனுக்கு வாங்கினர்.

ஆனால், 1987இல் சில்வியா முர் என்னும் பிரெஞ்சு ஆய்வாளர், அந்நூலின் பெரும்பகுதி கேர்து அடிகளின் உழைப்பென்று நிறுவினார். இயேசு சபையினரான கேர்து, புதுச்சேரியில் 1779இல் மரித்தவர். வடமொழிக்கும் கிரேக்க, இலத்தீன் மொழிகளுக்குமுள்ள உறவை, வில்லியம் ஜோன்சுக்கு ஏறத்தாழ 20 ஆண்டுகள் முன்னரே எழுதியவர். அவர் பெயரைத் துபுவா குறித்தாரில்லை.

ஒரகடத்தை அடுத்த வடக்குப்பட்டில் 2022இல் தொல்லியல் துறையினர் அகழ்ந்தபோது, பிற்காலப் பொருள்களுக்குக் கீழே கற்கருவிகள் கிட்டின. நூல்களையும் அவ்வாறே அடுக்கடுக்காக ஆராய்தல் வேண்டும். ஆதியாகமத்தின் மூலங்களைப் பிரித்தறிய 1753இல் வழிகாட்டிய அஸ்த்ருக்கும் பிரெஞ்சுக்காரரே. வேதாகமத் தொகுப்பாளரும் மூலங்களின் பெயரைக் கூறவில்லையே எனச் சிலர் வினவலாம். அவர்கள் சமுதாயத்தின் பொதுச்செல்வத்தைத் தொகுத்தனர். தம் புகழை நாடினாரல்லர். துபுவாவோ பிறர் கண்டதைத் தாம் கண்டதுபோல் வைத்தார். இதனால் ஒரு தலைமுறைக்கு முந்திய நாட்டுநிலை, தம் காலத்து நிலையாகத் தோன்றிவிட்டது. நூலை நாம் எறிந்துவிட வேண்டுவதில்லை. அதன் சாட்சியத்திற்குரிய காலத்தையும் ஆளையும் திருத்திக்கொண்டு வாசித்தல் வேண்டும்.

இந்துக்களை மனந்திருப்புதல் இயலாதென அவர் 1823இல் வெளியிட்ட கடிதங்கள் வேறு வகையின. அங்கே பேசுவது அவருடைய சொந்த அனுபவமே. பாளையங்கோட்டையில் பணியாற்றிய ஜேம்ஸ் ஹஃப் மறு ஆண்டே அதற்கு மறுப்பு எழுதினார். திருநெல்வேலித் திருச்சபையின் வளர்ச்சி அம்மறுப்பை உறுதிப்படுத்திற்று. எனினும், தம் தோல்வியை மறைக்காத அக்கடிதங்களே, புகழ்பெற்ற பெருநூலினும் நேர்மையானவை என்பது எம் துணிபு.

இன்று ஒரகடத்துத் தொழிற்சாலைகளை நாடிப் பல மாநிலங்களிலிருந்தும் வந்தோரிடையே ஊழியஞ்செய்வோர் அறிக்கை எழுதுகின்றனர். தாம் கண்டது எது, பிறர் வாயிலாகக் கேட்டது எது என அவர்கள் பிரித்துரைப்பார்களாக. ஒன்பதாம் கற்பனை எழுதுகோலையும் கட்டுப்படுத்துவதன்றோ?