ஹெர்த்தா தீலே

சினிமா நடிகையின் பெருமையைப் படங்களின் எண்ணிக்கையைக் கொண்டு அளப்பது வழக்கமாகிவிட்டது. அந்தக் கணக்கில் ஜெர்மன் நடிகை ஹெர்த்தா தீலே தேறமாட்டார். அவர் நடித்தவற்றில் எனக்கு முக்கியமாகப் படுபவை இரண்டே படங்கள். அந்த இரண்டும் போதும் என்றே நினைக்கிறேன்.

1908-ல் லைப்ஸிக் நகரில் பிறந்து, நாடக மேடையிலிருந்து சினிமாவுக்கு வந்தவர் தீலே. 1931-ல் வெளியான 'யூனிபாரம் அணிந்த பெண்கள்' அவருக்குப் புகழ் தந்தது. லியோன்டீன் ஸாகன் என்ற பெண்மணி டைரக்ட் செய்த அந்தப் படத்தில் ஆண் நடிகர் ஒருவர்கூட இல்லை. ராணுவக் கட்டுப்பாட்டுடன் நடக்கும் பிரஷ்யப் பள்ளி விடுதி ஒன்றில் தாயில்லாப் பெண் மானுவேலா வந்து சேருகிறாள். அன்பு காட்டும் ஆசிரியையிடம் மனத்தைப் பறிகொடுத்து, அதை எல்லார் எதிரிலும் சொல்லிவிடுகிறாள். பள்ளித் தலைவி அவளைக் குற்றவாளிபோல் ஒதுக்கி வைக்கிறாள். மாடிப்படியின் உச்சியிலிருந்து குதிக்கப்போனவளைத் தோழிகள் பிடித்து நிறுத்துகிறார்கள்.

14 வயதுப் பெண்ணின் வேஷம். நடித்தவருக்கோ வயது 23. மழலையும் துள்ளலும் காட்டி ஒப்பேற்றியிருக்கலாம். தீலே அந்த வழிக்கே போகவில்லை. இரவில் ஆசிரியை ஒவ்வொரு பெண்ணாக நெற்றியில் முத்தமிட்டு வரும்போது அவர் வெறுமனே காத்திருக்கிறார். அந்தக் காத்திருப்பில் மானுவேலாவின் அநாதைத்தனம் முழுவதும் தெரிந்துவிடுகிறது.

1932-ல் வந்த 'கூலே வாம்பே' ஸ்லாடன் டூடோவ் டைரக்ட் செய்தது. கதை வசனத்தில் பிரெக்டுக்குப் பங்கு உண்டு. பெர்லினில் வேலை தேடிச் சலித்த வாலிபன் ஒருவன் கைக்கடிகாரத்தைக் கழற்றி வைத்துவிட்டு ஜன்னல் வழியே குதித்துச் செத்துப்போகிறான். இங்கே பிடித்து நிறுத்த யாரும் இல்லை. அவனுடைய சகோதரி ஆன்னியாகத் தீலே நடிக்கிறார். ஆன்னி கர்ப்பமாகிறாள், அதற்காகவே நிச்சயதார்த்தம் நடக்கிறது. உறவினர்கள் விருந்தில் குடித்துக் கும்மாளமிடுகிறார்கள். தன்னைச் சுமையாக நினைப்பவனை அவள் விட்டு விலகுகிறாள். முந்திய படத்தில் ஏங்கிய அதே முகம், இதில் எடைபோட்டுப் பார்க்கிறது. எங்கும் நம் இரக்கத்தை யாசிக்கவில்லை. ஒரு குறை உண்டு: பின்பகுதியில், தொழிலாளர் விளையாட்டு விழாக் கூட்டத்தில் ஆன்னியைத் தேட வேண்டியிருக்கிறது. பிரசாரத்தின் அவசரத்தில் படமே அவளை மறந்துவிடுகிறது.

1933-ல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும் அந்தப் படம் தடை செய்யப்பட்டது. புதிய எஜமானர்களுக்குத் தீலே இணங்கிப் போகவில்லை. 1936-ல் அரசாங்கத்தின் சினிமா, நாடகச் சங்கங்களிலிருந்து நீக்கப்பட்டார். அங்கத்தினர் அல்லாதவருக்கு வேலை கிடையாது. மறு வருஷம் ஸ்விட்ஸர்லாந்து போய்ச் சேர்ந்தார். கிடைத்த வேலைகளைச் செய்தார். பிற்காலத்தில் மனநோய் ஆஸ்பத்திரியில் உதவி நர்ஸாகவும் இருந்தார். 1966-ல் கிழக்கு ஜெர்மனியில் குடியேறி மேடையிலும் டெலிவிஷனிலும் நடித்தார். 1984-ல் காலமானார்.

வீணாகிப்போன வாழ்க்கை என்று இதைச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. இணங்கியிருந்தால் இன்னும் முப்பது படங்கள் கிடைத்திருக்கலாம். ஆனால் ஆன்னியின் முகத்தில் நாம் காணும் உறுதியை அந்த முப்பதும் பொய்யாக்கியிருக்கும். இரண்டு படங்களும் இன்று பார்க்கக் கிடைக்கின்றன. அடுத்தடுத்துப் பார்ப்பது நல்லது. முதலாவதை மட்டும் பார்ப்பவர்களுக்கு ஓர் அழகான பள்ளிப் பெண்தான் நினைவில் நிற்பாள்.