ஜிப்சம் கணக்கில் ஏழு மடங்குப் பிழை

"அப்பா, கணக்கு சரியாதான் போட்டிருக்கேன், ஆனா பின்னாடி டேபிள்ல வேற நம்பர் இருக்கு" என்று மகள் நோட்டோடு வந்து நின்றாள். கரைதிறனிலிருந்து கரைதிறன் பெருக்கம் கண்டுபிடிக்கும் வழக்கமான கணக்கு.

25 டிகிரியில் ஒரு லிட்டர் தண்ணீரில் ஜிப்சம் ஏறக்குறைய 2.6 கிராம் கரையும். மோலார் நிறை 172, ஆக 0.015 மோல். ஒரு கால்சியம் அயனிக்கு ஒரு சல்பேட் அயனி. 0.015-ஐ அதனாலேயே பெருக்கினால் 2.3 × 10⁻⁴. அட்டவணையிலோ 3.1 × 10⁻⁵. ஏழு மடங்கு வித்தியாசம்! அச்சுப்பிழைன்னுதான் முதலில் நினைத்தேன்.

பிழை அச்சில் இல்லை, முறையில். கரைந்ததெல்லாம் தனி அயனியாகப் பிரிந்துவிட்டது என்று கணக்கு சொல்லாமலே எடுத்துக்கொள்கிறது. உண்மையில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு கால்சியம் சல்பேட்டோடு ஜோடியாகவே கரைசலில் சுற்றுகிறது. மிச்சம் 0.010 மோல். அதுவும் முழுசாக வேலை செய்யாது. ஒவ்வொரு அயனியையும் எதிர் மின்சுமைகள் சூழ்ந்துகொள்வதால் பாதிக்கும் கொஞ்சம் குறைவாகத்தான், சுமார் 0.48 பங்குதான், கணக்கில் வரும். 0.0048-ஐ வர்க்கப்படுத்துங்கள்: 2.3 × 10⁻⁵. புத்தகங்கள் தரும் 2.4 முதல் 3.1 வரையான மதிப்புகளுக்குப் பக்கத்தில் வந்துவிட்டோம்.

சில்வர் குளோரைடுக்கு இந்தத் தொல்லை கிடையாது. லிட்டருக்கு இரண்டு மில்லிகிராம்கூடக் கரையாது. அயனிகள் ஒன்றையொன்று கண்டுகொள்ளாத தூரத்தில் இருக்கும். 1.3 × 10⁻⁵-இன் வர்க்கம் 1.7 × 10⁻¹⁰, அட்டவணையில் 1.8. அதை மட்டும் டெஸ்ட் பண்ணிவிட்டு எல்லா உப்புக்கும் ரிலீஸ் பண்ணியது போல இருக்கிறது பாடநூல்களின் பயிற்சிப் பகுதி. (எங்கள் தொழிலில் இதற்கு வாங்கிக் கட்டிக்கொள்வோம்.)

தலைகீழாகப் போட்டால் இன்னும் மோசம். 3.1 × 10⁻⁵-க்கு வர்க்கமூலம் எடுத்தால் லிட்டருக்கு ஒரு கிராம்கூட ஜிப்சம் கரையாது என்று விடை வரும். வீட்டுத் தராசும் வடிதாளும் இருந்தாலே பொய் என்று காட்டிவிடலாம்.

இதெல்லாம் புதுசும் இல்லை. 1966-லேயே மெய்ட்டெஸும் இன்னும் இருவரும், கரைதிறனுக்கும் கரைதிறன் பெருக்கத்துக்கும் தொடர்பு உண்டா என்று தலைப்பிலேயே கேட்டு 'ஜர்னல் ஆஃப் கெமிக்கல் எஜுகேஷன்' இதழில் எழுதினார்கள். பள்ளிப் பிள்ளைக்கு அயனி ஜோடி எல்லாம் நடத்தச் சொல்லவில்லை. ஜிப்சத்தை எடுத்துவிட்டு சில்வர் குளோரைடைப் போடலாம். இல்லையா, "இந்த விடை அளந்த மதிப்போடு பொருந்தாது" என்று ஒரு வரி சேர்க்கலாம்.

பரீட்சையில் 2.3 × 10⁻⁴ என்றே எழுதச் சொன்னேன். மார்க் அதற்குத்தான்.