மங்கிய படிமமும் அச்சச் சுவையும்

அச்சம் என்னும் மெய்ப்பாடு அணங்கு, விலங்கு, கள்வர், இறை ஆகிய நான்கினின்றும் பிறக்கும் என்பர் தொல்காப்பியர். இவை அஞ்சப்படும் பொருள்கள். பொருளைக் காட்டும் முறையினாலும் அச்சம் மிகும் என்பதனை இக்காலத் திகிற்படங்கள் சில உணர்த்துகின்றன.

டானி பொயில் இயக்கி 2002ஆம் ஆண்டில் வெளிவந்த '28 டேய்ஸ் லேற்றர்' என்னும் ஆங்கிலப் படத்தின் பெரும்பகுதி, 576 கோடுகளே தரும் சிறிய எண்முறைக் கருவிகளாற் பதிவுசெய்யப்பட்டது. ஆளரவமற்ற இலண்டன் வீதிகளை அதிகாலையிற் சில நிமிடங்களுக்குள் எடுத்து முடிக்க அக்கருவிகளே உதவின. தேவை பற்றி வந்த மங்கல் அங்கே கலையாயிற்று. முகம் தெளியாதவிடத்து மனம் அதனைத் தானே வரைகின்றது. மனம் வரையும் முகமே கொடியது. 1080 கோடுகள் கொண்ட புளூ-றே வட்டிற் பார்ப்பினும், பதிவாகாத நுணுக்கம் அப்படத்தில் தோன்றாது. அதனைக் குறையெனல் பொருந்தாது.

வன்னி வீடுகளுக்கு மங்கல் புதியதன்று. போர்க்காலத்தில் மின்வழங்கல் இல்லாத ஊர்களில், மின்பிறப்பாக்கியின் துணைகொண்டே மக்கள் படம் பார்த்தனர். வீசீடி இறுவட்டுத் தருவது 288 கோடுகளே. காதற்படமும் பத்திப்படமும் திகிற்படமும் ஒருங்கே மங்கியவிடத்து, மங்கல் தனியே அச்சந் தருதல் இல்லை. தெளிவு வழக்கமாகிய வீட்டிலேதான் மங்கல் அஞ்சுவிக்கும்.

2009ஆம் ஆண்டின் பின்னர் இந்நிலை மாறிற்று. முல்லைத்தீவுக் கரையில் முடிந்த போரின் இறுதி நாட்களைக் கைத்தொலைபேசிகள் பதிவுசெய்திருந்தன. அக்காட்சிகள் பலவற்றைச் சனல் 4 தொலைக்காட்சி 2011 யூன் 14இல் ஒளிபரப்பிற்று. அரசு அவற்றின் மெய்ம்மையை மறுத்தது. 1999இல் வந்த 'பிளெயர் விற்ச் புறொஜெக்ற்' போன்ற படங்கள் மங்கலால் நடிப்பது, 'கண்டவர் எடுத்தது இது' என்னும் சாட்சியத்தையேயாம். அங்கே அணங்கு கற்பனை. வன்னிப் பதிவிலோ நடிப்பில்லை. அதன் அச்சம், தொல்காப்பியர் இறுதியிற் கூறிய இறையைச் சார்ந்தது.

இன்று பழைய படிமங்களைக் கூர்மையாக்கும் மென்பொருள்கள் பெருகியுள்ளன. அவை இல்லாத நுணுக்கத்தை ஊகித்து நிரப்புகின்றன. திகிற்படத்தில் இச்செயல் சுவையைக் கெடுக்கும்; சாட்சியத்தில் உண்மையையே கெடுக்கும். காணாமலாக்கப்பட்டோரின் உறவினர் 2017 பெப்ரவரி 20இற் கிளிநொச்சியில் தொடர்போராட்டந் தொடங்கினர். பிள்ளையைத் தேடும் தாய்க்கு, எவர்க்கும் உரித்தல்லாத ஒரு முகத்தைப் பொறி வரைந்து காட்டுமாயின், அதனினுங் கொடுமை வேறில்லை. மங்கலை மங்கலாகவே பேணுதல் கலைக்கும் அறம், வரலாற்றுக்கும் அறம்.