'ஹவுஸ்' என்னும் சொல்லும் திரையாக்கமும்: போவின் சிறுகதையும் கார்மனின் படமும்

0. முன்னுரை

எட்கர் ஆலன் போ 1839ஆம் ஆண்டில் வெளியிட்ட 'தி ஃபால் ஆஃப் தி ஹவுஸ் ஆஃப் அஷர்' கோதிக் சிறுகதை மரபின் தலைசிறந்த படைப்புகளுள் ஒன்று. இக்கதையை ரோஜர் கார்மன் 1960ஆம் ஆண்டில் 'ஹவுஸ் ஆஃப் அஷர்' என்ற திகில் படமாக இயக்கினார். திரைக்கதையை எழுதியவர் ரிச்சர்ட் மாதசன். ஒரு குறியமைப்பிலிருந்து வேறொரு குறியமைப்பிற்குப் பொருளைக் கொண்டுசெல்வதும் மொழிபெயர்ப்பின் ஒரு வகையே என்று ரோமன் யாகப்சன் 1959இல் வகுத்துக் காட்டினார். இவ்வகையில் படத்தை ஆராய்வோர் பெரும்பாலும் எது விடுபட்டது, எது சேர்க்கப்பட்டது எனப் பட்டியலிடுவதோடு அமைகின்றனர். இக்கட்டுரை மூலத்தின் தலைமைச் சொல்லான 'ஹவுஸ்' என்பது படத்தில் எவ்வாறு பெயர்க்கப்பட்டுள்ளது என்பதை நோக்குகிறது.

1. ஒரு சொல், இரு பொருள்

ஆங்கிலத்தில் 'ஹவுஸ்' கட்டடத்தையும் குறிக்கும்; வழிவழி வந்த குடும்பத்தையும் குறிக்கும். போ இவ்விரு பொருளையும் பிரியவிடுவதில்லை. அஷர் குடும்பத்தில் கிளைகள் தழைக்கவில்லை; உடைமை தந்தையிடமிருந்து மகனுக்கு நேர்வழியில் வந்தது; ஆகவே அவ்வட்டாரக் குடியானவர்கள் இரண்டிற்கும் ஒரே பெயரை வழங்கினர் என்று கதைசொல்லி தொடக்கத்திலேயே கூறுகிறான். இறுதியில் உடன்பிறந்தார் இருவரும் மடிகின்றனர். மாளிகையும் பிளந்து ஏரியில் மூழ்குகிறது. தலைப்பு கூறும் வீழ்ச்சி ஒன்று, வீழ்வன இரண்டு.

தமிழில் பெயர்ப்போர் இத்தலைப்பிலேயே இடர்ப்படுவர். 'மாளிகை' என்றால் மரபு மறைகிறது. 'வம்சம்' என்றால் கட்டடம் மறைகிறது. பழந்தமிழில் 'இல்', 'குடி' ஆகியன உறைவிடத்தையும் மரபையும் ஒருங்கே சுட்டின. குறளின் 'குடிமை' அதிகாரத்தில் வரும் 'இற்பிறந்தார்' என்ற வழக்கு இதற்குச் சான்று. ஆயினும் இன்றைய வாசகர்க்கு 'இல்' தனிச்சொல்லாக வழக்கில் இல்லை. 'குடி' வேறு பொருள்களையே முதலில் நினைவூட்டும். இணையான சொல் கிட்டாதவிடத்து மொழிபெயர்ப்பாளர் சூழலால் ஈடுசெய்வர். கார்மனின் படமும் இவ்வழியையே மேற்கொள்கிறது.

2. சுவரில் தொங்கும் மரபு

இப்படம் ஏறத்தாழ 3 இலட்சம் டாலர் செலவில், 15 நாட்களில் எடுக்கப்பட்டது. பேசும் பாத்திரங்கள் பெரும்பாலும் நால்வரே. தயாரிப்பாளர்களான அமெரிக்கன் இன்டர்நேஷனல் நிறுவனத்தார் மலிவான கறுப்பு வெள்ளைப் படங்களை இரண்டிரண்டாக வெளியிட்டுவந்தவர்கள். படத்தில் அரக்கன் இல்லையே என்று அவர்கள் தயங்கியபோது, வீடுதான் அரக்கன் என்று தாம் விடையிறுத்ததாகக் கார்மன் பிற்காலத்தில் கூறியுள்ளார். வணிகப் பேச்சில் பிறந்த இவ்விடை மூலத்திற்கு எழுதிய உரைபோல் அமைந்துள்ளது. ஆனால் அது 'ஹவுஸ்' என்பதன் ஒரு பாதியை மட்டுமே உணர்த்தும்.

மறுபாதியைப் படம் ஓவியங்களால் தருகிறது. வின்சென்ட் பிரைஸ் நடித்த ராடரிக், முன்னோரின் உருவப்படங்களைக் காட்டி, ஒவ்வொருவரும் செய்த கொடுமைகளை எடுத்துரைக்கிறான். மூலத்தில் இது இல்லை. அங்கு அஷர் குடும்பம் கலையுணர்விற்கும் ஈகைக்கும் பெயர்பெற்றது. செய்தியளவில் இது மூலத்திற்கு முரணானது. ஆயினும் முன்னோர் சுவரில் தொங்கும்போது மரபு கட்டடத்தின் உறுப்பாகிவிடுகிறது. ஒரு சொல்லில் பொதிந்த இருபொருள் இவ்வாறு ஒரு காட்சியில் பொதிகிறது. முரணான சேர்க்கையே மூலத்தின் கருவிற்கு நெருக்கமான பெயர்ப்பாக அமைவது கருதத்தக்கது.

3. இழப்புகள்

மூலத்தில் கதைசொல்லி பெயரற்றவன். ராடரிக்கின் இளமை நண்பன். நாம் அறிவன யாவும் அவனது அச்சத்தின் வழியே வருவன. படத்தில் அவன் பிலிப் என்னும் பெயருடன், மேடலினை மணக்க விரும்பி அவளை அழைத்துச்செல்ல வரும் காதலனாகிறான். மரபு தொடரலாகாது என்னும் ராடரிக்கின் எண்ணத்திற்கு இதனால் நேரடி எதிர்ப்பு உண்டாகிறது, கதைப்போக்கு வலுப்பெறுகிறது. ஆனால் ஐயம் அழிகிறது. மேடலின் உயிரோடிருந்ததை அடக்கத்தின்போதே தமையன் அறிந்தானா என்பதைப் போ தெளிவாக்கவில்லை. படத்திலோ பேழைக்குள் கை அசைவதைக் கண்டும் அவன் மூடியை விரைந்து சாத்துகிறான். ஐயம் குற்றமாகச் சுருங்குகிறது.

இதனினும் பெரிய இழப்பு ஒன்றுண்டு. மூலத்தின் இறுதிப் பகுதியில் கதைசொல்லி பழைய வீரக்கதை ஒன்றை வாய்விட்டுப் படிக்கிறான்; நூலில் வரும் ஒவ்வோர் ஓசையும் வீட்டினுள் எதிரொலிக்கிறது. மொழியே பேயை எழுப்பும் இடம் இது. ஒலியையும் கருவியாகக் கொண்ட திரைக்கலை ஒலிக்கென்றே அமைந்த இப்பகுதியைக் கைவிட்டதற்குச் சிக்கனத்தைக் காரணமாகக் கூறவியலாது. படிக்கும் குரலுக்குச் செலவு மிகுதியில்லை.

4. முடிவுரை

தொல்காப்பிய மரபியல் வழிநூலைத் தொகுத்தல், விரித்தல், தொகைவிரி, மொழிபெயர்ப்பு என நான்காக வகுக்கும். அமைப்பு நோக்கில் இப்படம் தொகைவிரி. உருவப்படங்களில் மட்டும் அது மொழிபெயர்ப்பாக உயர்கிறது. படத்தின் இறுதியில் போவின் கடைசி வாக்கியம் எழுத்தாகவே திரையில் தோன்றுகிறது. தான் பெயர்க்க இயலாததைப் படம் மூலத்திடமே ஒப்படைப்பதாக இதனைக் கொள்ளலாம். ஒரு பெயர்ப்பை மதிப்பிடுவோர் விடுபட்டவற்றின் எண்ணிக்கையைக் காட்டிலும், மூலத்தைத் தாங்கும் சொல் எது, அது எங்கே வந்து சேர்ந்தது என்பதையே முதலில் வினவுதல் தகும்.