போலிக் கல்

'பேஸ்ட்' என்றால் நமக்குப் பல் விளக்குவதுதான் முதலில் ஞாபகத்துக்கு வரும். ஆங்கிலக் கதைகளை வாசிக்கிறவர்கள் மட்டும் அந்த வார்த்தையை வேறோர் இடத்தில் சந்தித்துச் சற்றுத் தயங்கியிருப்பார்கள். விருந்துக்கு வந்த சீமாட்டியின் கழுத்தில் மின்னுவது வைரம் அல்ல, வெறும் 'பேஸ்ட்' என்று பக்கத்திலிருப்பவள் காதோடு சொல்லுவாள். பிசைந்த மாவு என்ற பொருளுள்ள பழைய சொல்லிலிருந்து வந்த வார்த்தை இது. ஈயம் கலந்து உருக்கி, வைரம்போலப் பட்டை தீட்டிய கண்ணாடிக்கு இந்தப் பெயர் வந்தது, அதன் சரக்குகளை ஈரமாகக் குழைத்துச் சேர்த்ததால் என்று சொல்வதுண்டு. பெயரைக் கேட்டாலே மதிப்புக் குறைந்துவிடுகிறது.

பிரெஞ்சுக்காரர்கள் இதே பொருளுக்கு 'ஸ்ட்ராஸ்' என்று மரியாதையான பெயர் வைத்தார்கள். அது ஒரு மனிதருடைய பெயர். ஜார்ஜ் பிரெடெரிக் ஸ்ட்ராஸ் என்பவர் ஸ்ட்ராஸ்பூர்க் பக்கத்திலிருந்து பாரிஸுக்கு வந்து நகைத் தொழில் செய்தவர். அவருடைய காலம் 1701 முதல் 1773 வரை. ஈயக் கண்ணாடியை அவர் பட்டை தீட்டிய நேர்த்தியைப் பார்த்து 1734இல் அரசருடைய நகைக்காரராகவே நியமித்துவிட்டார்கள். இதில் கவனிக்க வேண்டிய விஷயம், அவர் கண்ணாடியைக் கண்ணாடி என்று சொல்லித்தான் விற்றார் என்பது. வாங்கின பிரபுக்களும் தெரிந்துதான் வாங்கினார்கள். வைரத்தைச் செதுக்கி வீணாக்க யாருக்கும் மனம் வராது. கண்ணாடியையோ வேண்டிய வடிவில் வெட்டி இடைவெளியே தெரியாமல் பதிக்கலாம். அப்படிப்பட்ட பதினெட்டாம் நூற்றாண்டுக் கண்ணாடி நகைகளைப் பழம்பொருள் சேகரிக்கிறவர்கள் இன்று நல்ல விலை கொடுத்து வாங்குகிறார்கள்.

மூன்றாவது ஒரு பெயரும் உண்டு. 'ரைன்ஸ்டோன்', அதாவது ரைன் நதிக் கல். முதலில் அந்த நதிப் பக்கம் கிடைத்த நிஜமான பளிங்குக் கல்லுக்குத்தான் அந்தப் பெயர். நாளடைவில் பளிங்கைப்போலச் செய்த கண்ணாடி அந்தப் பெயரைத் தனக்கு எடுத்துக்கொண்டது. இன்றைக்கு ரைன்ஸ்டோன் என்று கேட்டால் கடையில் கண்ணாடியைத்தான் காட்டுவார்கள். நம் ஊர்க் கடைகளில் 'அமெரிக்கன் டைமண்ட்' என்று பெயர் சொல்லி விற்கும் கல்லும் இந்த ஜாதிதான். அது வைரமே அல்ல. கல்லில் போலி இருக்கிறதோ இல்லையோ, பெயரில் போலி வந்துவிடுகிறது.

நம்முடைய 'போலி' என்ற சொல்லுக்கு ஆதியில் இந்த வசவு கிடையாது. 'போல்' என்ற வேரிலிருந்து பிறந்தது அது. பள்ளிக்கூடத்தில் நன்னூல் படித்தவர்களுக்கு முதற்போலி, இடைப்போலி, கடைப்போலி ஞாபகம் இருக்கும். பந்தல் என்றாலும் பந்தர் என்றாலும் ஒன்றுதான். ஓர் எழுத்தின் இடத்தில் இன்னோர் எழுத்து வந்து உட்கார்ந்து, பொருளைக் கெடுக்காமல் வேலை செய்கிறது. அதற்குப் பெயர் போலி. இலக்கணக்காரர் யாரும் பந்தரைப் பார்த்து மோசக்காரன் என்று சொல்லவில்லை.

இவ்வளவு தூரம் வார்த்தையைச் சுற்றி வருவதற்குக் காரணம் உண்டு. போலிக் கல்லை வைத்து மேல்நாட்டுக் கதாசிரியர்கள் எழுதியிருக்கும் நான்கு கதைகளை அடுத்தடுத்து வாசித்துப் பார்த்தால் ஒரு வேடிக்கையான உண்மை புலப்படுகிறது. போலியை அசல் என்று ஏமாற்றுவதில் நல்ல கதாசிரியர்களுக்கு அவ்வளவு அக்கறை இல்லை. அது போலீஸ் கேஸ். அசல், போலி என்ற பெயரோடு நடமாடுவதில்தான் அவர்கள் மனசு போகிறது.

முதல் கதை மாப்பஸான் 1883இல் எழுதிய 'நகைகள்'. லாந்தன் என்ற குமாஸ்தாவுக்கு நல்ல மனைவி. அவளிடம் இரண்டே குறைகள்: நாடகம் பார்க்கும் ஆசை, போலி நகை ஆசை. அவள் இறந்த பிறகு பணமுடை வந்து, அந்தப் போலி நகைகளில் ஒன்றை விற்கப் போகிறான். கடைக்காரர் அதை எடுத்துப் பார்த்து ஆயிரக்கணக்கில் விலை சொல்லுகிறார். ஒன்றல்ல, எல்லாமே அசல். குமாஸ்தாவின் மனைவிக்கு அத்தனை வைரம் எங்கிருந்து வந்திருக்கும் என்று அவன் யோசித்து முடிக்கும்போது அவனுடைய இல்லற வாழ்க்கை முழுவதும் போலியாகிவிடுகிறது. நடுத்தெருவில் மயங்கி விழுகிறான். பிறகு எழுந்து போய் எல்லாவற்றையும் விற்றுப் பணத்தை வாங்கிக்கொள்ளுகிறான். மாப்பஸானின் கொடுமை இந்த இடத்தில் இருக்கிறது.

அடுத்த வருஷம், 1884இல், அவர் எழுதியது 'நெக்லேஸ்'. இதைத் தெரியாத வாசகர் குறைவு. மத்தில்த் என்பவள் விருந்துக்குப் போகத் தோழியிடம் வைர நெக்லேஸ் இரவல் வாங்கித் தொலைத்துவிடுகிறாள். அதேபோல ஒன்றை 36,000 பிராங்க் கொடுத்து வாங்கித் திருப்பிக் கொடுத்துவிட்டு, அந்தக் கடனை அடைக்கப் பத்து வருஷம் உழைத்து உருக்குலைந்து போகிறாள். கடைசியில் தோழி சொல்லுகிறாள்: தொலைந்தது போலி, மிஞ்சிப்போனால் ஐந்நூறு பிராங்க்தான் பெறும்.

இதைத் தந்திரக் கதை என்று சொல்லுகிறவர்கள் உண்டு. கடைசி வாக்கியத்தை எடுத்துவிட்டால் ஒன்றுமில்லை என்பது அவர்கள் வாதம். நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். தொலைந்த நகையின் பெட்டியில் பெயர் இருந்த கடைக்குப் புருஷனும் மனைவியும் போய்க் கேட்கும்போது, தான் பெட்டியை மட்டும் கொடுத்திருக்கலாம், நகையை விற்கவில்லை என்று கடைக்காரர் சொல்லிவிடுகிறார். கதையின் நடுவிலேயே ஆசிரியர் உண்மையை நம் கையில் கொடுத்துவிட்டார். அவசரத்தில் நாமும் மத்தில்த்தைப் போலவே அதைக் காதில் வாங்காமல் ஓடுகிறோம். இன்னொன்று: நகையைத் திருப்பிக் கொடுத்தபோது தோழி பெட்டியைத் திறந்துகூடப் பார்க்கவில்லை. ஆகவே அந்தப் பத்து வருஷமும் அசல் வைரம் ஒரு பணக்காரியின் வீட்டில் போலி என்ற பெயரோடு இருந்திருக்கிறது. மத்தில்த்தின் சிவந்த கைகளுக்காக இரங்குகிற நாம் அந்தப் பெட்டியை நினைப்பதில்லை. கதையின் முழு வேதனையும் தெரிய அதையும் நினைக்க வேண்டும்.

மூன்றாவது, ஹென்றி ஜேம்ஸ் 1899இல் வெளியிட்ட கதை. அதற்குத் தலைப்பே 'பேஸ்ட்'. பாதிரியாரின் மகன் ஆர்தர், இறந்துபோன சிற்றன்னையின் பெட்டியிலிருந்த பழைய நாடக நகைகளை, பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிப் பிழைக்கும் உறவுப் பெண் சார்லட்டுக்குக் கொடுத்துவிடுகிறான். சிற்றன்னை கல்யாணத்துக்கு முன் நாடகத்தில் நடித்தவள். அந்தக் குப்பையில் ஒரு முத்துமாலை. அது அசல் என்று மிஸஸ் கை என்ற கெட்டிக்காரப் பெண்மணி கண்டுபிடித்துச் சொல்லுகிறாள். சார்லட் மாலையை ஆர்தரிடமே திருப்பிக் கொடுக்கிறாள். அவனோ அது போலிதான் என்று கோபத்தோடு சாதிக்கிறான். அசல் என்று ஒப்புக்கொண்டால் ஒரு நடிகைக்கு அதை யார், எதற்காகக் கொடுத்தார்கள் என்ற கேள்வி பிறக்கும். குடும்பத்தின் மானம் போகும். பிறகு அந்த முத்துமாலை மிஸஸ் கையின் கழுத்தில் காட்சி தருகிறது. மானம் போலி என்று சொல்லிற்று. பணப்பை அசல் என்று விற்றது. ஏழைப் பெண் மட்டும் வெறுங்கையோடு நிற்கிறாள்.

முத்து கல்லல்ல, அது சிப்பிக்குள் விளைவது என்று நமக்குத் தெரியும். ஜேம்ஸுக்கும் தெரியாமலிருக்காது. இருந்தும் கண்ணாடிக் கல்லுக்கு உரிய பெயரைத் தலைப்பாக வைத்தார். அந்தக் கதையில் 'பேஸ்ட்' ஒரு பொருளின் பெயராக இல்லை. தான் பார்க்க விரும்பாததன்மேல் ஒருவன் போர்த்தும் துணியாக இருக்கிறது.

நான்காவது, ஸாமர்ஸெட் மாம் எழுதிய 'மிஸ்டர் நோ-ஆல்', 1925இல் வெளிவந்தது. கப்பலில் மாக்ஸ் கெலாடா என்ற முத்து வியாபாரி. எல்லாம் தெரிந்தவர்போலப் பேசிக்கொண்டேயிருக்கும் மனிதர். கதை சொல்லுகிறவருக்கு அவருடைய பெயரைக் கேட்டபோதே பிடிக்கவில்லை. அவரை அசல் ஆங்கிலேயராக ஏற்கவும் மனமில்லை. சாப்பாட்டு மேஜையில் மிஸஸ் ராம்ஸே அணிந்திருக்கும் முத்துமாலை அசல் என்று கெலாடா நூறு டாலர் பந்தயம் கட்டுகிறார். அது பதினெட்டு டாலருக்கு வாங்கிய போலி என்று நம்பும் கணவன் எதிர்ப் பந்தயம் கட்டுகிறான். கெலாடா கண்ணாடி வைத்து மாலையைப் பார்க்கிறார். முகம் மலர்கிறது. பிறகு அந்தப் பெண்ணின் முகத்தைப் பார்க்கிறார். பயத்தில் வெளுத்து, விழிகள் கெஞ்சுகின்றன. தாம் சொன்னது தவறு என்று ஒப்புக்கொண்டு, எல்லோரும் சிரிக்க, பணத்தைக் கொடுத்துவிடுகிறார். கப்பலிலேயே போலி மனிதர் என்று எல்லோரும் நினைத்திருந்தவர் ஒருவர்தான் அசல் கனவானாக நடந்துகொண்டார்.

நான்கு கதைகளிலும் அசல் ஒன்று போலி என்று பெயர் சுமக்கிறது. முதல் கதையில் ஒரு மனைவி தன் ரகசியத்துக்காக அந்தப் பெயரைச் சொன்னாள். இரண்டாவதில், சொல்லியிருக்க வேண்டிய பெயரை யாரும் சொல்லவில்லை. அதற்குப் பத்து வருஷம் விலை. மூன்றாவதில் கௌரவத்துக்காகச் சொன்னான். நான்காவதில் கருணைக்காகச் சொன்னார். முத்தும் வைரமும் யாரிடமும் பொய் சொல்லவில்லை. நம் சிலப்பதிகாரத்திலும் அப்படித்தான். கண்ணகியின் சிலம்பும் அசல். கோப்பெருந்தேவியின் சிலம்பும் அசல். ஒன்றில் மாணிக்கப் பரல், மற்றதில் முத்துப் பரல். பொய் இருந்தது பொற்கொல்லனின் வாயில். சிலம்பை உடைத்துப் பார்க்க ஒரு கண்ணகி வந்தாள். மத்தில்த்தின் தோழியோ பெட்டியைக்கூடத் திறக்கவில்லை.

இன்று இந்தச் சொல்லுக்குப் புதுச் சிக்கல் வந்திருக்கிறது. 1955இல் அமெரிக்காவின் ஜெனரல் எலெக்ட்ரிக் கம்பெனி ஆய்வுக்கூடத்தில் வைரம் செய்துவிட்டதாக அறிவித்தது. அப்படிச் செய்த வைரமும் கரிதான். சுரங்கத்தில் கிடைத்ததும் கரிதான். நகைக்காரரின் சாதாரண லென்ஸுக்கு வித்தியாசம் தெரியாது. அதைப் போலி என்று எப்படிச் சொல்லுவது? 2018இல் அமெரிக்க அரசின் வர்த்தகக் கமிஷன் வைரத்துக்குச் சொல்லும் இலக்கணத்திலிருந்து 'இயற்கையான' என்ற சொல்லை எடுத்துவிட்டது. ஆனால் ஆய்வுக்கூடத்தில் பிறந்ததை அப்படிச் சொல்லித்தான் விற்க வேண்டும் என்றது. ஸ்ட்ராஸ் இருநூற்றெண்பது வருஷங்களுக்கு முன் தானாகவே செய்ததை இவர்கள் விதியாக்கியிருக்கிறார்கள்.

இதெல்லாம் இலக்கியத்துக்கு என்ன ஆகும் என்று வாசகர் கேட்கலாம். நம் விமரிசகர்கள் கையில் 'போலி' என்ற சொல் படும் பாட்டை நினைத்துத்தான் இதை எழுதுகிறேன். ஒரு கதை நன்றாயிருந்துவிட்டால் உடனே அது யாருடைய போலி என்று தேடக் கிளம்பிவிடுகிறார்கள். ஒருவன் மாப்பஸானின் போலி, இன்னொருவன் ஜாய்ஸின் போலி. அந்தக் கணக்கில் பார்த்தால் ஹென்றி ஜேம்ஸின் கதைதான் முதல் குற்றவாளி. மாப்பஸானின் 'நெக்லேஸ்' கதையைத் திருப்பிப் போட்டுத் தம் கதையைச் செய்ததாக, பிற்காலத்தில் தம் கதைகளைத் தொகுத்தபோது எழுதிய முன்னுரையில் அவரே சொல்லியிருக்கிறார். 'பேஸ்ட்' என்ற கதையே ஒரு பேஸ்ட். ஆனால் மாப்பஸானுக்குக் கிடைக்காத ஒன்று அதில் இருக்கிறது: சார்லட்டின் மனச்சாட்சி. நாணயமாக நடந்தவளுக்கு அந்த நாணயத்தால் ஒரு லாபமும் இல்லை என்பதை மாப்பஸான் ஒரே அடியில் முடித்திருப்பார். ஜேம்ஸ் மெதுவாக அவள் முகத்தைப் பார்த்துக்கொண்டே நிற்கிறார்.

எடுத்ததை எடுத்தேன் என்று சொல்லி, தன் கையால் பட்டை தீட்டித் தன் பெயரில் விற்கிறவன் ஸ்ட்ராஸ். சொல்லாமல் விற்கிறவன் வேறு ஜாதி. பெயர்களை மட்டும் தமிழாக்கி, மூலத்தின் பேரைச் சொல்லாமல் பத்திரிகைக்கு அனுப்புகிறவனை விமரிசகர் தாராளமாகக் கண்டிக்கட்டும். ஆனால் இரண்டு பேருக்கும் ஒரே வார்த்தையை எறிவது சோம்பேறித்தனம்.

சோதிக்க வழியில்லாமலும் இல்லை. ஈயக் கண்ணாடி மிருதுவானது. புதிதாக வாங்கிய அன்று வைரத்தோடு போட்டி போடும். சில வருஷம் அணிந்த பிறகு பட்டைகளின் விளிம்பு தேய்ந்து மழுங்கிவிடும். கதைக்கும் அதே சோதனைதான். ரகசியம் தெரிந்த பிறகு இரண்டாம் தடவை வாசிக்கவேண்டும். முதல் வாசிப்பில் பளபளத்த விளிம்புகள் இரண்டாவதில் மழுங்கியிருந்தால் அது கண்ணாடி, எழுதியவர் யாராக இருந்தாலும் சரி. 'நெக்லேஸ்' இரண்டாம் தடவையில் எனக்கு இன்னும் கூர்மையாகத்தான் தெரிகிறது. அந்தப் பெட்டிக் கடைக்காரரின் ஒரு வாக்கியமே போதும். மாமின் கதை கொஞ்சம் தேய்ந்துதான் போகிறது. ஆனாலும் கெலாடாவின் முகம் நிற்கிறது. 'பேஸ்ட்' மூன்றாம் வாசிப்புக்கும் தாங்குகிறது. வாசகர்கள் நான்கையும் வரிசையாக எடுத்து வைத்துக்கொண்டு தாங்களே உரசிப் பார்க்கட்டும்.