கனவின் உரிமையாளர் யார்?

கனவு நனவுக்குள் உடைத்துக்கொண்டு புகுந்தால் உலகம் நிற்காது என்பது பழைய பயம். உர்சுலா கே. லெ குவின் 1971இல் எழுதிய ‘தி லேத் ஆஃப் ஹெவன்’ நாவலை இந்தப் பயத்தின் இன்னொரு கதையாக வாசித்துவிட்டு மூடி வைத்துவிடலாம். ‘உலகத்தை மாத்தணும்னு கிளம்பாதே, கிளம்பினால் விபரீதம்தான்’ என்று அது சொல்வதாக எடுத்துக்கொள்ளவும் இடமிருக்கிறது. இருப்பதே போதும் என்பவர்களுக்கு வசதியான வாசிப்பு. ஆனால் பிரதி அத்தனை சுலபமாக அவர்கள் கைக்குப் போய்ச் சேர்வதில்லை.

அமெரிக்காவின் போர்ட்லண்ட் நகரம். ஜார்ஜ் ஓர் ஒரு சாதாரண வரைவாளன். அவன் காணும் சில கனவுகள் விடிந்ததும் நிஜமாகிவிடுகின்றன. அதற்கேற்ப கடந்த காலமும் மாறிவிடுவதால் மாற்றம் நடந்ததே மற்றவர்களுக்குத் தெரியாது. பயந்துபோய்க் கனவு வராமலிருக்க மருந்து தின்கிறான், மாட்டிக்கொள்கிறான், சிகிச்சைக்கு அனுப்பப்படுகிறான். சிகிச்சை செய்யும் டாக்டர் ஹேபர் சீக்கிரமே விஷயத்தைக் கண்டுபிடித்துவிடுகிறார். பிறகு மனோவசியம், மூளை அலைகளைக் கூட்டும் ஓர் எந்திரம், ‘இன்னின்ன கனவு காண்’ என்ற உத்தரவு.

ஹேபர் கெட்டவரில்லை என்பதைக் கவனிக்க வேண்டும். பசி, போர், நிறவெறி எல்லாம் ஒழிய வேண்டும் என்று உண்மையாகவே நினைக்கிறார். ஜனநெருக்கடி தீர வேண்டும் என்கிறார். ஜார்ஜின் கனவில் கொள்ளைநோய் வந்து கோடிக்கணக்கானவர்கள் எப்போதோ செத்துப்போனவர்களாகிவிடுகிறார்கள். மனிதர்களுக்குள் சமாதானம் வேண்டும் என்கிறார். சந்திரனில் வேற்றுக்கிரகவாசிகள் வந்து இறங்குகிறார்கள், பொது எதிரி கிடைத்தாயிற்று. நனவிலி உத்தரவை நிறைவேற்றுகிறது, ஆனால் தன் வழியில். ஃப்ராய்டு கனவுக்குச் சொன்ன இடப்பெயர்ச்சி இங்கே உலக வரலாறாகிவிடுகிறது. ஒவ்வொரு மாற்றத்திலும் ஹேபரின் பதவி உயர்கிறது, கட்டிடம் பெரிதாகிறது. நன்மையின் சொல்லாடலும் அதிகாரமும் ஒரே அறையில் வளர்கின்றன.

நிறவெறிக்கான தீர்வுதான் நாவலின் மையம் என்பேன். ஒரு கனவில் மனிதர்கள் அத்தனை பேரும் சாம்பல் நிறமாகிவிடுகிறார்கள். நிறமே இல்லாதபோது நிறவெறி ஏது? பிரச்சினை முடிந்தது. அந்த உலகத்தில் ஹெதர் லெலாஷ் இல்லை. ஜார்ஜுக்காக வந்த வழக்கறிஞர் அவள், தகப்பன் கறுப்பர், தாய் வெள்ளைக்காரி, கோபக்காரி. அவளுடைய பழுப்பு நிறம் மேலே பூசிய சாயமில்லை. பட்ட அவமானமும் எடுத்த நிமிர்வும் சேர்ந்த தன்னிலை அது. நிறத்தை அழித்ததில் ஆளே காணாமல் போனாள். ஜார்ஜ் அவளைத் திரும்பக் கனவில் வரவழைக்கிறான். வருகிறவள் சாம்பல் நிற மனைவி, சாது. வித்தியாசத்தைத் துடைத்தால் ஒடுக்குமுறை தானாகப் போய்விடும் என்ற யோசனையை நாமும் நல்லவர்கள் வாயால்தான் கேட்டிருக்கிறோம். யார் துடைக்கிறார்கள், யார் துடைக்கப்படுகிறார்கள் என்று கேட்டால் அவர்களுக்குக் கோபம் வரும்.

கடைசியில் ஹேபர் இடைத்தரகன் வேண்டாமென்று தானே எந்திரத்தில் படுத்துக் கனவு காண்கிறார். அப்போதுதான் பேரழிவு. நகரம் உருகுகிறது, பொருள்கள் தம் உருவத்தை விடுகின்றன. கனவுகள் முன்பும் நிஜமாகிக்கொண்டுதான் இருந்தன, உலகம் தாக்குப்பிடித்தது. இப்போது நிஜமாக வந்தது தன்னைத் தவிர வேறொருவரும் இல்லாத மனசு. அதற்குள் இருந்தது வெறுமை. உலகம் உடைந்தது அதனால்தான்.

நாவல் இன்னொன்றையும் சொல்லி வைத்திருக்கிறது. அணுகுண்டுப் போரில் உலகம் நான்கு வருடங்களுக்கு முன்பே அழிந்துவிட்டது. சாகக் கிடந்த ஜார்ஜ் கண்ட கனவுதான் ‘நிஜம்’ என்று எல்லோரும் நம்பிக்கொண்டிருப்பது. காப்பாற்ற வேண்டிய அசல் நிஜம் என்று எதுவும் மிச்சமில்லை. இதற்குப் பிறகும் இதைப் ‘பழையபடி இரு’ என்று சொல்லும் பிரதியாக எப்படி வாசிப்பது?

எனக்குள்ள சண்டை வேறிடத்தில். லெ குவின் தாவோயிசத்தில் ஊறியவர். 1997இல் ‘தாவோ தே ஜிங்’கைத் தன் ஆங்கிலத்தில் வெளியிட்டவர். தலைப்பே சுவாங்ட்சுவின் ஆங்கில மொழிபெயர்ப்பிலிருந்து வந்தது. அந்தக் காலச் சீனத்தில் லேத், அதாவது கடைசல் எந்திரம், கிடையாது, அது மொழிபெயர்ப்பின் தவறு என்று பிற்பாடு அவரே சொல்லியிருக்கிறார். ஹேபருக்கு மாற்றாக அவர் வைப்பது ஜார்ஜின் செயலின்மை. உருகும் நகரத்தினூடே நடந்து போய் எந்திரத்தை நிறுத்துகிறானே, அது மட்டும் என்ன? செயல்தான். ஆனால் அதுவும் தனியாள் செயல். கொள்ளைநோயில் போனவர்களுக்காக அழ அவன் ஒருவன்தான் இருக்கிறான். துணையில்லாமல் கனவு காணக்கூடாது என்ற அறிவு வேற்றுக்கிரகவாசிகளிடம் இருக்கிறது; அவர்களில் ஒருவர் ஜார்ஜுக்கு பீட்டில்ஸ் இசைத்தட்டு ஒன்றைக் கொடுக்கிறார். போர்ட்லண்டின் ஜனங்களிடம் யாரும் எதையும் கேட்கவில்லை. ஹேபரும் கேட்கவில்லை, லெ குவினும் கேட்கவில்லை.

முடிவில் ஹெதர் பழைய பழுப்பு நிறத்தோடும் கோபத்தோடும் திரும்புகிறாள், ஜார்ஜோடு வாழ்ந்த ஞாபகம் இல்லாமல். அவனுக்கு அது இழப்பு. அவள் பக்கத்திலிருந்து பார்த்தால், ஒருவனுடைய கனவில் வாழ வேண்டிய கட்டாயம் தீர்ந்தது. அவள் என்ன கனவு காண்கிறாள் என்பதை நாவல் எழுதவில்லை. எழுத வேண்டியது அதுதான்.