நடசாம்ராட் பரீட்சை: பிரகாஷ்ராஜ் பாதிக் கிணறு தாண்டியாச்சு

மைசூரிலிருந்து சுமார் 15 கிலோமீட்டர். ஸ்ரீரங்கப்பட்டணம் பக்கம், லோகபாவனி ஆற்றங்கரையில் ‘நிர்திகந்தா’ என்ற நாடகப் பட்டறையை 2023-ல் தொடங்கினார் பிரகாஷ்ராஜ். அதே ஆண்டு மார்ச்சில் வெளியான தெலுங்குப் படம் ‘ரங்கமார்த்தாண்டா’. மேடையை ஆண்டு ஓய்வுபெற்ற நடிகர் ராகவ ராவ் வேடம் அவருக்கு. அந்த வேடத்தின் வேர் மராத்தியில் இருக்கிறது.

குசுமாக்ரஜ் என்ற பெயரில் கவிதை எழுதிய வி.வா. ஷிர்வாட்கரின் ‘நடசாம்ராட்’ மேடையேறியது 1970 டிசம்பரில். நடிகர் கணபத்ராவ் பேல்வல்கர் சொத்தைப் பிள்ளைகளுக்குப் பிரித்துக் கொடுத்துவிடுகிறார். மகன் வீட்டில் மரியாதை போகிறது; மகள் வீட்டில் திருட்டுப் பழி விழுகிறது. மனைவி காவேரியும் கண்மூடிய பிறகு நடைபாதைதான் கதி. ‘கிங் லியர்’ சாயல் பளிச்சென்று தெரியும்.

நமக்கும் பழக்கமான கதைதான். அதே 1970-ல் ‘வியட்நாம் வீடு’ படத்தின் பிரெஸ்டீஜ் பத்மநாபனுக்காக அழுதவர்கள் நாம். ஆனால் பத்மநாபன் ஆபீஸ்காரர், பேல்வல்கர் நடிகர். மனசு உடையும்போது அவருக்கு வருவது சீசர், ஒதெல்லோ, ஹாம்லெட் குரல்கள். மராத்தி நாடகாசிரியர் கட்கரியின் ‘ஏகச் ப்யாலா’ நாயகன் சுதாகர்கூட எட்டிப் பார்க்கிறான். ஆயுள் முழுக்க அடுத்தவர் துக்கத்தைப் பேசியவருக்குச் சொந்தத் துக்கத்துக்குச் சொந்தக் குரல் இல்லை. 50 ஆண்டு தாண்டியும் நாடகம் நிற்பது இதனால்தான்.

நடிகர்களுக்குப் பொறியும் இங்கேதான். கொஞ்சம் அசந்தால் ஓவர் ஆக்டிங். முதலில் இந்த வேடத்தை ஏற்றவர் காது மூக்கு தொண்டை சர்ஜனான டாக்டர் ஸ்ரீராம் லாகூ. தத்தா பட், யஷ்வந்த் தத், மோகன் ஜோஷி என்று பிறகு பலர் தோள் கொடுத்தார்கள். மகேஷ் மஞ்ச்ரேகரின் 2016 படத்தில் நானா படேகர் முதல் ஓவரிலேயே சிக்ஸர் அடிக்கிற ரகம். பின்பாதியில் ஏற்றுவதற்குக் குரல் மிச்சமில்லை.

‘ரங்கமார்த்தாண்டா’வில் பிரகாஷ்ராஜ் எதிர்வழி. திருட்டுப் பழியை முகத்திலேயே வாங்கிக்கொள்கிறார். மனைவியாக வரும் ரம்யா கிருஷ்ணனின் கண்களுக்கு இடம் விடுகிறார். ஆஸ்பத்திரிக் காட்சியில் நண்பராக வரும் பிரம்மானந்தம் இவரையே ஓரங்கட்டினாலும் முட்டி மோதவில்லை. அந்த நிதானம் பெரிது.

ஆனால் குளோசப் தந்த சலுகை அது. மேடையில் கடைசி வரிசைக்கும் கேட்க வேண்டும், ரீடேக் கிடையாது. சபையில் இருப்பவர்களே பேல்வல்கரின் பழைய ரசிகர்களாகிவிடுகிற விசேஷமும் திரையில் வராது.

பிரகாஷ்ராஜ் கன்னட மேடையில் வளர்ந்தவர். பட்டறை கைவசம். 1989-ல் பி.வி. காரந்த் தொடங்கிய ‘ரங்காயண’ நாடக அமைப்பு பழக்கிவைத்த ரசிகர்கள் மைசூரில் இருக்கிறார்கள். இதே வேடத்தை அவர் கன்னடத்தில் மேடையேற்ற வேண்டும். அதுவரை பாதி மார்க்தான்.